அப்பீலை டிஃபால்ட்ல தள்ளிட்டாங்க, இனி இடம் போயிருமா?

விளவங்கோடு தாலுகாவுல இருந்து ஒரு சகோதரி எழுதியிருக்காங்க, பேர் போட வேண்டாம்னு கேட்டிருக்காங்க. கடிதம் பெருசு, சுருக்கித் தாறேன். அவங்க அப்பாவுக்கும் அப்பாவோட அக்காவுக்கும், அதாவது இவங்க மாமிக்கும், சேந்து 24 சென்ட் ரப்பர் விளை. அந்த இடம் எனக்குத்தான்னு பெரியப்பா மகன் 2012ல குழித்துறை முன்சிஃப் கோர்ட்டுல கேஸ் போட்டாரு, 2018ல அவருக்கு டிக்ரி ஆச்சு, இடத்தை ஒப்படைக்கணும்னும் சேத்து. அப்பாவும் மாமியும் சப் கோர்ட்டுல அப்பீல் போட்டாங்க, ஸ்டேயும் கெடைச்சுது. 2021 ஜூன்ல மாமி கொரோனாவுல போயிட்டாங்க. 2023 அக்டோபர்ல அப்பாவுக்கு ஸ்ட்ரோக், ஒரு பக்கம் விழுந்துட்டு, பேச்சு குழறும், ஆனா சொல்றது எல்லாம் புரியும். தம்பி சவூதில. இவங்க குமாஸ்தாவுக்கு ஃபோன் பண்ணும்போதெல்லாம் "வாய்தாதான் கெடக்கு, தேவைப்பட்டா நாங்களே கூப்பிடுவோம்"னு பதில். போன மாசம் ஈ.பி. நோட்டீஸ், அதாவது டிக்ரியை நெறவேத்தச் சொல்லிப் போட்ட மனுவோட நோட்டீஸ், வீட்டுக்கு வருது, ஓடிப்போய் விசாரிச்சா அப்பீலை போன வருஷம் ஜூலையிலேயே டிஃபால்ட்ல தள்ளியாச்சு, 14 மாசம் ஆயிட்டு.

கேட்டிருக்கது நாலு விஷயம். நாங்க கேஸ்ல தோத்துட்டோமா, இனி ஹைகோர்ட்டுக்குத்தான் போகணுமா? அப்பா எந்திரிச்சு வர முடியாதே, யாரு கையெழுத்துப் போடுறது? அந்த வக்கீலைச் சும்மா விடணுமா? கடைசியா, இடத்தை எடுக்க கோர்ட் ஆமீன் வர்றதுக்கு முன்னாடி மரத்தை ஸ்லாட்டருக்கு, அதாவது கடைசிப் பாலையும் வெட்டி மரத்தையும் முறிச்சு எடுக்கப் பேசி அட்வான்ஸ் வாங்கிக்கிட்டா என்னன்னு தம்பி சொல்றான், செய்யலாமா?

தங்கச்சி, கடைசிக் கேள்விக்கு மொதல்ல பதில். செய்யாதீங்க. தம்பிகிட்ட இன்னைக்கே ஃபோன்ல சொல்லிருங்க. இப்போ உங்க கையில இருக்க ஒரே பலம் "நாங்க யாரையும் ஏமாத்தல, எங்களுக்குத் தெரியாமப் போச்சு"ங்கறது மட்டும்தான், நீங்க அட்வான்ஸ் வாங்கி மரத்துல கத்தி வச்சீங்கன்னா அடுத்த வாய்தாவுக்கு எதிர்த்தரப்பு ஃபோட்டோவோட வந்து நிப்பாங்க, பாருங்க ஐயா அப்பீல் போனது தெரிஞ்சுதான் மரத்தை முடிக்கிறாங்கன்னு. அப்புறம் நீங்க என்ன அஃபிடவிட் போட்டாலும் ஏறாது. மரத்தோட விலையையும் பின்னாடி உங்க தலையிலதான் கட்டுவாங்க. வழக்கம்போல பால் வெட்டுங்க, ஷீட் வித்த சீட்டை எடுத்து வைங்க, அதோட நிறுத்திக்கிடுங்க.

இனி மெயின் விஷயம். தோத்துட்டீங்களான்னா, முன்சிஃப் கோர்ட்டுல தோத்தீங்க, அது 2018 கதை. சப் கோர்ட்டுல நீங்க தோக்கல, அங்க கேஸையே யாரும் பாக்கல. டிஃபால்ட்ன்னா கூப்பிட்ட நேரத்துல உங்க பக்கம் ஆள் இல்லன்னு மட்டும்தான் அர்த்தம், உங்க பிரமாணம், அதாவது பத்திரம், சரியா, எலுகை, அதாவது எல்லை, எங்க போகுது, கையாலை, அதாவது எல்லைச் சுவர், யாரு வச்சது, இதெல்லாம் ஜட்ஜ் தொடவே இல்ல. சிவில் நடைமுறைச் சட்டத்துல, அதான் சி.பி.சி.ல, ஆர்டர் 41 ரூல் 17ல தள்ளுறாங்க, ரூல் 19ல திரும்ப எடுத்துக்கிடச் சொல்லிக் கேக்கலாம், அந்த மனுவை அதே சப் கோர்ட்டுலதான் போடணும். ஹைகோர்ட்டுக்கு ஓடுறது இப்போ இல்ல. இந்த இடத்துலதான் நெறைய பேரு வழி தவறிப் போயிடுறாங்க, யாரோ சொல்றாங்கன்னு மதுரை பெஞ்சுல செகண்ட் அப்பீல் போடணும்னு பணத்தைக் கட்டிக்கிட்டு அலையுவாங்க, டிஃபால்ட்ல தள்ளுன உத்தரவு டிக்ரியே கெடையாதுன்னு சி.பி.சி. 2(2)லயே எழுதியிருக்கு, டிக்ரி இல்லாததுக்கு எப்பிடி செகண்ட் அப்பீல் போடுறது. அதே மாதிரி புதுசா ஒரு கேஸ் போடுவோம்னு கெளம்புறவங்களும் உண்டு, முன்சிஃப் கோர்ட் டிக்ரி நிக்கிறவரைக்கும் அதே இடத்துக்கு அதே ஆளுங்க மேல புதுக் கேஸ் ஓடாது.

ஆனா இதுல ஒரு சின்ன சோதனை இருக்கு. தள்ளுன உத்தரவோட சர்ட்டிஃபைட் காப்பியைக் கையில வாங்கி வாசிச்சுப் பாக்கணும், வாய்ச்சொல்லை நம்பக்கூடாது. "மேல்முறையீட்டாளர் அழைக்கப்பட்டும் ஆஜரில்லை, தள்ளுபடி"ன்னு ரெண்டு வரியில இருந்தா ரூல் 19. அப்பிடி இல்லாம, ஆள் வராட்டாலும் ஜட்ஜ் ரெக்கார்டைப் பாத்து "கீழ்க்கோர்ட் தீர்ப்பு சரிதான்"ன்னு காரணமெல்லாம் எழுதித் தள்ளியிருந்தா கதை வேற. அப்பிடித் தள்ளவே கூடாதுன்னு 1976 திருத்தத்துல ரூல் 17க்குக் கீழ ஒரு விளக்கம் சேத்திருக்காங்க, அப்பீல் போட்டவர் வராட்டா டிஃபால்ட்ல தள்ளலாம், ஆனா கேஸோட நியாயத்துக்குள்ள போய்த் தீர்ப்பு சொல்லக்கூடாதுன்னு, சுப்ரீம் கோர்ட் 2023லயும் அதையேதான் திரும்பச் சொல்லிச்சு. அந்த மாதிரி உத்தரவு வந்தவங்களுக்குத்தான் செகண்ட் அப்பீல். நீங்க கடிதத்துல எழுதியிருக்க ரெண்டு வரியைப் பாத்தா உங்களது முதல் ரகம்தான், இருந்தாலும் காப்பி வாங்குங்க. கூடவே நோட்ஸ் பேப்பருக்கும் காப்பி அப்ளிகேஷன் போடுங்க, அதுல ஒவ்வொரு வாய்தாவுக்கும் என்ன நடந்துதுன்னு இருக்கும், கடைசியா எத்தனை வாய்தா உங்க பக்கம் ஆள் இல்ல, "லாஸ்ட் சான்ஸ்"ன்னு எழுதியிருந்துதா, இதெல்லாம் தெரியாம அஃபிடவிட் எழுத உக்காந்தா எதிர்த்தரப்பு வக்கீல் அதையே எடுத்து உங்களை அடிப்பாரு.

இப்போ நாள் கணக்கு. திரும்ப எடுத்துக்கிடச் சொல்ற மனுவுக்கு லிமிடேஷன் சட்டம் ஆர்ட்டிகிள் 122ல 30 நாள்தான் குடுத்திருக்கு, அதுவும் தள்ளுன தேதியில இருந்து, உங்களுக்குத் தெரிஞ்ச தேதியில இருந்து இல்ல. நீங்க பிந்தியிருக்கது நானூறு நாள் பக்கத்துல. அதனால ரெண்டு மனு, ஒண்ணு டிலே கண்டோன் பண்ண, அதாவது பிந்துனதை மன்னிக்கச் சொல்லி அதே சட்டத்து செக்ஷன் 5ல, இன்னொண்ணு ரூல் 19ல. மொதல் மனு பாஸ் ஆனாத்தான் ரெண்டாவதுக்கு உயிர். சண்டை முழுக்க மொதல் மனுவுலதான் நடக்கும்.

நானூறு நாள்னதும் பயந்துராதீங்க. நம்ம தமிழ்நாட்டுல இருந்தே போன பாலகிருஷ்ணன் எதிர் கிருஷ்ணமூர்த்தி வழக்கு, 1998, அதுல டிலே 883 நாள். அங்கயும் வக்கீல் சரியாக் கவனிக்காததுதான் காரணம். கீழ்க்கோர்ட் மன்னிச்சுது, ஹைகோர்ட் அதை ரத்து பண்ணிச்சு, சுப்ரீம் கோர்ட் திரும்ப மன்னிச்சுது, எத்தனை நாள்ங்கறது பெருசு இல்ல, சொல்ற காரணம் ஏத்துக்கிடற மாதிரி இருக்கான்னுதான் பாக்கணும்னு சொல்லி. அதுக்கு முன்னாடி 1981ல ரஃபீக் எதிர் முன்ஷிலால்ன்னு ஒண்ணு, அப்பீல் வந்த அன்னைக்கு வக்கீல் வரல, கட்சிக்காரர் வக்கீலை வச்சு ஃபீஸ் குடுத்து தன்னால ஆனதைச் செஞ்சுட்டாரு, வக்கீல் வராததுக்கு அவரு ஏன் இடத்தை இழக்கணும்னு கேட்டு, செலவுத் தொகையை வராத வக்கீல்கிட்டயே வாங்கிக்கிடச் சொன்னாங்க. இந்த ரெண்டும் எல்லா வக்கீலும் எல்லா டிலே மனுவுலயும் எழுதுறதுதான்.

ஆனா அதை மட்டும் நம்பி உக்காந்துராதீங்க, காத்து கொஞ்சம் மாறிட்டு. 2024 ஏப்ரல்ல பதபதி சுப்பா ரெட்டி வழக்குல 5659 நாள் டிலேயை மன்னிக்க மாட்டோம்னுட்டாங்க, சரி அது பதினஞ்சு வருஷம், விட்டுருவோம். அதே 2024 நவம்பர்ல ரஜ்னீஷ் குமார் வழக்குல, எல்லாப் பழியையும் வக்கீல் தலையில தூக்கிப் போட்டுட்டுத் தப்பிக்க முடியாது, கட்சிக்காரரும் தன் கேஸ் என்னாச்சுன்னு பாத்துக்கிட்டே இருக்கணும்னு சொல்லியிருக்காங்க. இப்போ கீழ்க்கோர்ட்டுல கவுண்டர், அதான் எதிர்ப்பு மனு, போடுறவங்க எல்லாரும் இதைத்தான் மொதல்ல நீட்டுறாங்க. ஆக "வக்கீல் சொல்லல"ங்கற ஒரே வரியில உங்க மனு நிக்காது. நீங்க கேட்டீங்க, திரும்பத் திரும்பக் கேட்டீங்க, அவங்க வாய்தா கெடக்குன்னு சொன்னாங்கங்கறதைக் காட்டணும்.

அதுக்குத்தான் அஃபிடவிட். இதுல நான் கொஞ்ச நேரம் நிக்கப்போறேன், ஏன்னா பாதி மனு சாகுறது இங்கதான். நம்ம கோர்ட்டுகள்ல ஒரு மஞ்சக்காமாலை இருக்கு, ஊருல எந்த டாக்டரும் பாக்காத மஞ்சக்காமாலை, அஃபிடவிட்டுல மட்டும்தான் வரும். "எனக்கு மஞ்சள் காமாலை நோய் ஏற்பட்டு நாட்டு மருந்து சாப்பிட்டு படுத்த படுக்கையாக இருந்ததால்"னு. நாட்டு மருந்துன்னா பில்லு இருக்காது, சர்ட்டிஃபிகேட் கேக்க முடியாது, அதுக்காகவே கண்டுபிடிச்ச நோயி. முப்பது நாள் டிலேக்கு அதை எழுதினா ஜட்ஜ் சிரிச்சுக்கிட்டே விட்டுருவாரு, நானூறு நாளைக்கு எழுதினா குமாஸ்தாவே சிரிப்பாரு. உங்க கேஸ்ல கொடுமை என்னன்னா உங்ககிட்ட நெஜமான காரணம் இருக்கு, நெஜமான ஆஸ்பத்திரிச் சீட்டு இருக்கு, யாராவது டெம்ப்ளேட்டைத் தூக்கிப் போட்டு அதுக்கு மேல மஞ்சக்காமாலையைப் பூசிட்டாங்கன்னா நெஜமும் சேந்து பொய்யாயிரும். டைப் பண்ணிக் கொண்டாந்த உடனே "இங்க ஒரு கையெழுத்து"ன்னா போட்டுராதீங்க, வீட்டுக்குக் கொண்டுபோய் ஒரு தரம் முழுசா வாசிங்க.

அதுல என்ன வரணும்? அப்பாவுக்கு 2023 அக்டோபர்ல ஸ்ட்ரோக், ஆசாரிபள்ளம் மெடிக்கல் காலேஜ் ஆஸ்பத்திரியில சேத்ததுன்னு எழுதியிருக்கீங்க, டிஸ்சார்ஜ் சம்மரி வேணும், அதுக்கப்புறம் ஃபிசியோதெரப்பி போன சீட்டு, மாத்திரைச் சீட்டு, தேதி வாரியா. ஆனா கவனிங்க, ஸ்ட்ரோக் 2023ல, தள்ளுனது 2024ல, நடுவுல ஒன்பது மாசம் இருக்கு, அந்த மாசங்கள்ல கேஸை யாரு பாத்தா? நீங்கதான்னு தெளிவா எழுதணும், வீட்டுல அதுக்கு முன்னாடி அப்பாவே போய்ப் பாத்துக்கிட்டாரு, அவரு விழுந்தப்புறம் மகளான நான் ஃபோன்ல விசாரிச்சேன்னு. குமாஸ்தா நம்பருக்குப் போன கால் பட்டியல், பழசு கெடைக்காட்டாலும் இருக்கதை எடுங்க. வாட்சாப்ல "அண்ணே வாய்தா எப்போ"ன்னு நீங்க கேட்டு "அடுத்த மாசம்"னு அவரு சொன்னதா எழுதியிருக்கீங்கல்லா, அதுதான் இந்த மனுவுக்கு உயிர், அதோட தேதி 2024 ஜூலைக்குப் பெறகுன்னா ரொம்ப ரொம்ப நல்லது, அப்பீல் போனப்புறமும் வாய்தா கெடக்குன்னு சொல்லியிருக்காருன்னு அதுவே பேசும். அந்த சாட்டை அழிக்காதீங்க, ஃபோனை மாத்தாதீங்க, ஸ்கிரீன்ஷாட் மட்டும் போதும்னு நெனைக்காதீங்க, ஃபோனையே காட்டச் சொன்னாலும் காட்டணும். வக்கீல் ஆபீசுக்கு ஜிபேல பணம் போட்ட விவரத்தையும் பேங்க் ஸ்டேட்மெண்டா எடுத்து வைங்க.

அப்புறம் ஈ.பி. நோட்டீஸ் கையில வாங்குன தேதி, காப்பிக்கு அப்ளிகேஷன் போட்ட தேதி, காப்பி கெடைச்ச தேதி, மனு போடுற தேதி. இது ஒண்ணுக்கொண்ணு இடைவெளி இல்லாம வரணும். போன மாசம் நோட்டீஸ் வந்துதுன்னு எழுதியிருக்கீங்க, கடிதம் எனக்கு வந்து சேந்து நான் பதில் எழுதுறதுக்குள்ள இன்னும் சில நாள் போயிட்டு, தெரிஞ்சப்புறம் சும்மா இருந்த ஒவ்வொரு நாளும் தெரியாம இருந்த ஒரு மாசத்தை விட மோசம், ஜட்ஜுங்க அதைத்தான் பிடிப்பாங்க. தம்பி லீவுல வரட்டும், ஓணம் கழியட்டும், கிறிஸ்துமஸ் கழியட்டும், இந்தப் பேச்செல்லாம் வேண்டாம்.

எதிர்த்தரப்பு என்ன சொல்லுவாங்கன்னும் நெனைச்சுப் பாத்துக்கிடுங்க. ஒரே குடும்பம், பக்கத்துப் புரையிடம், அதாவது அடுத்தடுத்த வீட்டுத் தோட்டம். "அப்பீல் தள்ளுபடி ஆனது எங்க வீட்டுக் கல்யாணத்துலயே பேச்சு வந்துது, இவங்களுக்கு அப்பமே தெரியும்"னு பெரியப்பா மகன் கவுண்டர்ல எழுதலாம். அப்பிடி ஏதாவது நடந்திருந்தா உங்க வக்கீல்கிட்ட மறைக்காமச் சொல்லிருங்க. கூண்டுல ஏறும்போது முதல் தடவையா அது வெளிய வரக்கூடாது.

அப்பா கையெழுத்து விஷயம். புத்தி தெளிவா இருக்கு, பேச்சுதான் குழறுதுன்னா பிரச்சினை இல்ல, கைநாட்டு வைக்கலாம், இல்லேன்னா உங்களுக்கு ஒரு ஸ்பெஷல் பவர் எழுதிக் குடுக்கச் சொல்லுங்க, கேஸைப் பாத்துக்கிட்டது நீங்கதான்ங்கறதால அஃபிடவிட்டையும் நீங்க போடுறதுதான் சரியும்கூட. புத்தியிலயும் தடுமாற்றம் இருக்குன்னு டாக்டர் சொன்னா பவர் செல்லாது, அப்போ ஆர்டர் 32ல கார்டியனா உங்களைப் போடச் சொல்லித் தனி மனு. இதை டாக்டர்கிட்ட கேட்டு முடிவு பண்ணுங்க, வக்கீல்கிட்ட இல்ல.

மாமி விஷயத்தை நீங்க ரெண்டு வரியில சொல்லிட்டுத் தாண்டிப் போயிட்டீங்க, ஆனா டிஃபால்ட்டை விட அதுல சிக்கல் கூடுதல். அப்பீல் போட்டவங்கள்ல ஒருத்தர் இறந்தா 90 நாளைக்குள்ள அவங்க வாரிசைச் சேக்கணும், சேக்காட்டா அவங்க பங்குக்கு அப்பீல் தானாவே அபேட் ஆயிரும், அதாவது அத்தோட முடிஞ்சிரும், யாரும் உத்தரவு போட வேண்டியதில்ல. அபேட் ஆனதை ரத்து பண்ணச் சொல்ல அதுக்கு மேல 60 நாள். மாமி இறந்தது 2021 ஜூன், அது உங்களுக்கு ஒரு வகையில உதவி, கொரோனாவுக்காக சுப்ரீம் கோர்ட் 15.03.2020ல இருந்து 28.02.2022 வரைக்கும் உள்ள காலத்தைக் கணக்குல சேக்காம விட்டுச்சு, அதுக்குள்ள முடிஞ்சுபோன கெடுவுக்கெல்லாம் 01.03.2022ல இருந்து 90 நாள் குடுத்துது. அப்போ உங்க 90 நாள் 2022 மே கடைசி வரைக்கும் நிக்கும், அறுபதையும் சேத்தா ஜூலை கடைசி. அதுக்கப்புறம் உள்ளதுதான் டிலே. எட்டு மாசம் பக்கத்துல அப்பிடியே கொறையுது, இதை டிலே கணக்குல சேத்து எழுதிறாதீங்க, எழுதுறவங்களும் இருக்காங்க.

இருந்தாலும் மூணு வருஷத்துக்கு மேல வருது, அதுக்கும் காரணம் சொல்லணும். கட்சிக்காரர் இறந்தது தெரிஞ்சா அந்த வக்கீல் கோர்ட்டுக்குச் சொல்லணும்னு ஆர்டர் 22 ரூல் 10ஏல இருக்கு, உங்க ஆளு சொன்னாரா, நோட்ஸ் பேப்பர்ல வருதான்னு பாருங்க. மாமி பிள்ளைங்க யாரு யாருன்னு தாசில்தார் குடுக்குற வாரிசுச் சான்றிதழ் வேணும், இறப்புச் சான்றிதழ் வேணும். அவங்களும் மனுவுல கூட நிக்கணும். நின்னாங்கன்னா ரெண்டு டிலே மனு, ஒரு அபேட்மெண்ட் ரத்து மனு, ஒரு வாரிசைச் சேக்குற மனு, ஒரு ரூல் 19 மனு, இப்பிடி ஒரு கட்டு ஐ.ஏ., அதாவது இடைமனு, ஒண்ணாப் போகும். இதை விட்டுட்டு டிஃபால்ட்டை மட்டும் சரி பண்ணிட்டு உள்ள போனீங்கன்னா, மாமியும் அப்பாவும் பங்கு பிரிக்காம சேத்து வச்சிருந்த இடம், மாமி பங்கு போயிட்டா அப்பீல் முழுக்கப் போயிட்டுன்னு எதிர்த்தரப்பு வாதம் பண்ணும், அந்த வாதத்துக்கு பலம் இருக்கு.

ஈ.பி.க்கு வருவோம். அப்பீலைத் தள்ளுன அன்னைக்கே ஸ்டேயும் போயிட்டு. டிக்ரியை நெறவேத்த 12 வருஷம் டைம் இருக்கு, பெரியப்பா மகன் சீக்கிரமாவே வந்துட்டாரு, அவரு மேல தப்பு சொல்ல ஒண்ணும் இல்ல. நீங்க சப் கோர்ட்டுல மனு போட்டதாலயே முன்சிஃப் கோர்ட்டுல ஈ.பி. நிக்காது, இது ரெண்டும் ரெண்டு தண்டவாளம். ஈ.பி. வாய்தாவுக்கு வக்காலத் போட்டு ஆஜராகி, கவுண்டருக்கு டைம் கேளுங்க, அப்பீலைத் திரும்ப எடுக்க மனு போட்டிருக்கோம்னு மனு நம்பரோட மெமோ குடுங்க. சப் கோர்ட்டுலயும் அந்தக் கட்டோட இடைக்கால ஸ்டே கேட்டு ஒரு ஐ.ஏ. சேத்துப் போடுங்க. மனுவுக்குக் கோர்ட் நம்பர் ஆகாம ஸ்டாம்ப் பேப்பரையும் ரசீதையும் காட்டி டைம் வாங்க முடியாது, கொறை சொல்லி மனு ரிட்டர்ன் ஆனா அன்னைக்கே சரி பண்ணித் திரும்பப் போடணும். ஈ.பி.க்கு ஆஜராகாம விட்டீங்கன்னா இடத்தை ஒப்படைக்கச் சொல்லி டெலிவரி ஆர்டர் ஆகும், ஆமீன் போலீஸோட வந்து பூட்டைக்கூட உடைக்கலாம். அப்பிடியே இடம் கை மாறிட்டாலும், பின்னாடி அப்பீல்ல ஜெயிச்சா செக்ஷன் 144ல திரும்ப வாங்கலாம்தான், ஆனா அதுக்குள்ள அந்த விளையில மரம் நிக்குமா வாழை நிக்குமா யாரு கண்டா.

கோர்ட் மனுவை ஏத்துக்கிட்டா பெரும்பாலும் செலவுத் தொகை கட்டச் சொல்லித்தான் ஏத்துக்கிடும். "இன்ன தேதிக்குள்ள எதிர்த்தரப்புக்கு இவ்வளவு கட்டினா மனு அனுமதி, இல்லாட்டா தானாகவே தள்ளுபடி"ன்னு. இந்த ஒரு வரியைக் கண்ணுல ஒத்திக்கிடுங்க. பணத்தை எதிர்த்தரப்பு வக்கீல் கையில குடுத்து ரசீது வாங்கி, மெமோ போட்டு, கோர்ட்டுல பதிவு ஆகுறவரைக்கும் விடக்கூடாது, அவங்க வாங்க மாட்டோம்னா கோர்ட்டுலயே கட்டிரணும், கெடு முடியறதுக்கு முந்தின நாள் வரைக்கும் காத்திருக்கவே கூடாது. இதுல ஒரு நாள் பிந்தி ரெண்டாவது தடவையும் டிஃபால்ட் ஆனவங்க உண்டு, அதுக்கப்புறம் ஜட்ஜ் முகத்தைப் பாக்கவே கூச்சமா இருக்கும். அப்பீல் திரும்ப வந்துட்டா பழைய ஸ்டே தானா வந்துரும்னு நெனைக்காம புதுசாக் கேட்டு வாங்கிக்கிடுங்க.

ஏத்துக்கிடலேன்னா அப்பதான் மதுரை. ரூல் 19 மனுவைத் தள்ளுனா ஆர்டர் 43 ரூல் 1(t)ல சி.எம்.ஏ., அதாவது அந்த உத்தரவு மேல அப்பீல், டிலே மனுவை மட்டும் தள்ளுனா வழக்கமா சி.ஆர்.பி., அதாவது ரிவிஷன் மனுதான் போடுறது. அதுக்கான காப்பியை உத்தரவு வந்த அன்னைக்கே கேட்டு வைங்க.

வக்கீல் மேல கோபம் இருக்கும், எனக்குப் புரியுது, சொந்தத் தொழில்காரன் மேலன்னாலும் இதுல நான் அவருக்குப் பரிஞ்சு பேசப் போறதில்ல, "வாய்தா கெடக்கு"ன்னு 2024க்கு அப்புறமும் சொல்லியிருந்தா அது மறதி இல்ல. புகார் குடுக்கணும்னா வக்கீல்கள் சட்டம் செக்ஷன் 35ல தமிழ்நாடு புதுச்சேரி பார் கவுன்சிலுக்கு எழுதலாம். கன்ஸ்யூமர் கோர்ட்டுக்குப் போகலாம்னு யாராவது சொன்னா அது பழைய கதை, நான் மேல சொன்ன 883 நாள் வழக்குக்காரர்கூட அந்த வழியிலதான் வக்கீல்கிட்ட இருந்து நஷ்டஈடு வாங்கினாரு, ஆனா 14.05.2024ல சுப்ரீம் கோர்ட் வக்கீல் சேவை நுகர்வோர் சட்டத்துக்குள்ள வராதுன்னு தீர்த்துட்டு.

ஆனா புகாரை இப்பமே எழுதணுமான்னு யோசிங்க. மொதல்ல நேர்ல போய் ஃபைலைக் கேளுங்க, நோ அப்ஜெக்ஷன் கேளுங்க, புது வக்கீல் வக்காலத் போட அது வேணும். ஃபீஸ் பாக்கின்னு சொல்லி ஃபைலைப் பிடிச்சு வைக்க அவருக்கு உரிமை இல்ல, 2000ல ஆர்.டி. சக்சேனா வழக்குல அதைச் சொல்லியாச்சு, பாக்கி இருந்தா தனியாக் கேக்கட்டும். நயமாப் பேசினா "எங்க ஆபீஸ் டைரியில தேதி தப்பாக் குறிச்சிட்டோம், கட்சிக்காரருக்குத் தெரியாது"ன்னு அவரே ஒரு அஃபிடவிட் குடுக்கக்கூடும். அந்த ஒரு தாள், பத்துத் தீர்ப்பை விட வெயிட். சண்டை போட்டுட்டு வந்தா அது கெடைக்காது, எதிர்த்தரப்புக்குப் போய் "நான் சொன்னேன், அவங்கதான் வரல"ன்னு சொன்னாலும் ஆச்சரியமில்ல.

வக்கீல் வைக்க வசதி இல்லேன்னா நாகர்கோவில் கோர்ட் வளாகத்துல மாவட்டச் சட்டப் பணிகள் ஆணைக்குழு இருக்கு, குழித்துறையிலயும் தாலுகா கமிட்டி இருக்கு. 1987 சட்டப்படி பெண்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வருமானம் பாக்காம வக்கீல் குடுப்பாங்க. அப்பாவுக்கு மாற்றுத்திறனாளி சர்ட்டிஃபிகேட் எடுத்தாச்சான்னு நீங்க எழுதல, எடுக்கலேன்னா எடுங்க, அது டிலே மனுவுக்கும் ஒரு ஆவணம்.

ஒண்ணு மட்டும் வெளிப்படையாச் சொல்லிறேன். அப்பீல் திரும்ப வந்தாலும் ஜெயிப்பீங்கன்னு நான் சொல்ல வரல. கேஸே திருவிதாங்கூர் காலத்து மலையாளப் பிரமாணத்துல நிக்குதுன்னு எழுதியிருக்கீங்க, அதோட தமிழ் மொழிபெயர்ப்பு ரெக்கார்டுல இருக்கா, அதுல எலுகை சொல்ற இடமும் இப்போதைய ரீ-சர்வே நம்பரும் ஒத்துப்போகுதா, கோர்ட் கமிஷனர் பிளான்ல யாரு கையாலை எங்க விழுந்திருக்கு, இதெல்லாம் பாக்காம எந்த வக்கீலும் ஜெயிச்சுரலாம்னு சொன்னா அவரை நம்பாதீங்க. அந்தக் காகிதங்களைப் பாத்து இது தேறாதுன்னு புது வக்கீல் சொன்னா, மனு நிலுவையில இருக்கும்போதே மீடியேஷனுக்குக் கேட்டு, ரோட்டுப் பக்கமா ஒரு ஏழெட்டு சென்டாவது மிஞ்சுமான்னு பேசிப் பாக்கலாம், பெரியப்பா மகனும் 2012ல இருந்து அலையுறவருதான், அவருக்கும் அலுத்திருக்கும்.

கேஸ் என்ன நிலைமைன்னு இனி யாரையும் கேக்க வேண்டாம், ஈகோர்ட்ஸ் ஆப்பை ஃபோன்ல போட்டு 16 எழுத்து சி.என்.ஆர். நம்பரை ஏத்தி வைங்க, அடுத்த தேதியும் அன்னைக்கு நடந்ததும் வந்துரும். ஈ.பி.க்கு தனி நம்பர், அப்பீலுக்குத் தனி நம்பர், ரெண்டையும் ஏத்தணும். ஈ.பி. நோட்டீஸ்ல மேல் மூலையில அடுத்த வாய்தா தேதி போட்டிருக்கும், அதை நீங்க கடிதத்துல எழுதல, மொதல்ல அதைப் பாருங்க, அந்தத் தேதிக்கு முன்னாடி புது வக்கீல் கையில ஃபைல் இருக்கணும்.